வீதி நாடகமும் ஃபோரம் தியேட்டரும்
நாடகாசிரியரும் இயக்குநருமான சஃப்தர் ஹாஷ்மி, 1973இல் தில்லியில் நண்பர்களுடன் உருவாக்கிய ஜன நாட்டிய மஞ்ச் என்னும் நாடகக் குழுவைக் கொண்டு, தொழிலாளர் குடியிருப்புகளுக்கே சென்று, மேடையின்றி, வட்டமாகக் கூடிய மக்களின் நடுவில் வீதி நாடகம் நிகழ்த்தினார். 1989 ஜனவரி 1 அன்று, தில்லியை அடுத்த சாஹிபாபாத் அருகே ஜண்டாபூரில் நாடகத்தின் நடுவே தாக்கப்பட்டு மறுநாள் உயிர்நீத்தார். 4ஆம் தேதி அவருடைய மனைவி மொலோயஸ்ரீ, குழுவினருடன் அதே இடத்தில் அந்நாடகத்தை நடித்து முடித்தார். அந்தத் துணிவுக்கு ஈடு ஏது?

பிரேசில் நாட்டு நாடக இயக்குநர் அகஸ்டோ போவாலின் ஃபோரம் தியேட்டர் முறை வேறு. மேற்கு வங்கக் கிராமங்களில் ஜன சன்ஸ்கிருதி என்னும் நாடகக் குழு கையாளும் இம்முறையில், பார்வையாளரே நாடகத்தை நிறுத்தி, ஒடுக்கப்படும் பாத்திரத்தின் இடத்தில் நின்று மாற்றுவழியை நடித்துக் காட்டலாம். வேலைநிறுத்தத்துக்கு ஆதரவு திரட்ட முன்னதே பொருத்தம். வரதட்சணை போன்ற வீட்டுக் கொடுமைகளுக்கோ பின்னதே மேல் என்பேன், ஏனெனில் வீட்டில் வாய்திறக்க இயலாத பெண்ணும் அங்கே ஊரார் முன்னிலையில் தன் மறுப்பைச் சொல்லிப் பார்க்க முடிகிறது.