டி.என்.ஏ. அழிக்கும் இரட்டைக் குப்பி: ‘இன்விசிபிள்’ எந்த அளவுக்குத் தாங்கும்?

‘இன்விசிபிள்’ கலைப்படைப்பு என்றுதான் வந்தது. ஆனாலும் குப்பியில் ஊற்றி, சதவீதம் போட்டு விற்ற பொருளை அந்தச் சதவீதத்தை வைத்துத்தான் எடைபோட வேண்டும்.

அமெரிக்கக் கலைஞர் ஹெதர் டூயி-ஹாக்போர்க் 2014-இல் வெளியிட்ட ‘இன்விசிபிள்’ இரண்டு ஸ்ப்ரே கொண்ட செட். ‘இரேஸ்’, நாம் விட்டுப்போன டி.என்.ஏ.வில் 99.5 சதவீதத்தை அழிக்குமாம். மிச்சம் 0.5 சதவீதத்தை ‘ரீப்ளேஸ்’ வேற்று டி.என்.ஏ.வால் மறைக்குமாம். நியூயார்க்கின் நியூ மியூசியம் கடையில் விற்பனைக்கு வந்தது. செய்முறையையும் அவர் ஒளித்து வைக்கவில்லை.

ஒரு செல்லில் சுமார் 6 பிகோகிராம் (கிராமில் லட்சம் கோடியில் ஒரு பங்குதான் ஒரு பிகோகிராம்) டி.என்.ஏ. இருக்கிறது. தடயவியல் சோதனைக்கு ஒரு நானோகிராம் (ஆயிரம் பிகோகிராம்), அதாவது 160, 170 செல் இருந்தால் தாராளம். கைப்பிடியில் விரல் பட்டு ஒட்டியது அவ்வளவுதான் என்றால் ‘இரேஸ்’ போதும், 0.5 சதவீதத்தில் ஒரு முழுச் செல்கூடத் தேறாது. ரத்தத்திடம் இந்தப் பாச்சா பலிக்காது. 50 மைக்ரோலிட்டர் துளியில் ஆயிரம் நானோகிராமுக்கு மேல் இருக்கும். அதில் 0.5 சதவீதம் ஐந்து நானோகிராம். ஐந்து சோதனைக்குக் காணும்.

‘அழிந்தது’ என்பதை எதை வைத்து அளந்தார்கள் என்பதும் கேள்விதான். டி.என்.ஏ. பொதுவாக மாயமாய் மறைவதில்லை, துண்டு துண்டாகிறது. டி.என்.ஏ.வில் திரும்பத் திரும்ப வரும் சிறு தொடர்களை எண்ணி ஆளை அடையாளம் காணும் எஸ்.டி.ஆர். சோதனைக்கு 100 முதல் 450 எழுத்து (டி.என்.ஏ.வின் A, T, G, C) நீளத் துண்டுகள் தேவை. நீளமானவை முதலில் போகும். ஓரெழுத்து மாற்றங்களைப் பார்த்துக் கண் நிறம், முடி நிறம் சொல்லும் எஸ்.என்.பி. சோதனைக்கோ 150 எழுத்துகூட வேண்டியதில்லை. ஆக, பெயர் அழிந்தாலும் சாயல் மிஞ்சும்.

இரண்டில் ‘ரீப்ளேஸ்’தான் கெட்டிக்காரத்தனம். டி.என்.ஏ.வில் சோதிக்கும் ஓர் இடத்தில் ஒருவருக்கு அதிகபட்சம் இரண்டு வடிவங்கள்தான் இருக்கும்; சோதனை வரைபடத்தில் ஒவ்வொன்றும் ஒரு முகடாகத் தெரியும். நாலைந்து பேரைக் கலந்தால் வரைபடம் முழுக்க முகடுகள். ஆனால் கலவை என்பது பார்த்ததுமே தெரியும். சேர்த்த அளவு குறைவாக இருந்தால் விகிதத்தை வைத்து மென்பொருள் பிரித்துவிடும்.

சாமானாக இதற்குப் பாதி மதிப்பெண்தான். படைப்பாக அப்படியில்லை. இதே கலைஞர் 2012-13இல் ‘ஸ்ட்ரேஞ்சர் விஷன்ஸ்’ செய்தபோது தெருவில் கிடந்த முடி, சூயிங்கம், சிகரெட் துண்டு ஆகியவற்றிலிருந்து டி.என்.ஏ. பிரித்து, அந்நியர் முகங்களை முப்பரிமாணத்தில் அச்சிட்டார். மாதிரிக்கு ஒரே முகம். அதுதான் அதன் பலவீனம். பால், மரபுவழி, நிறம் போக மற்றதெல்லாம் மென்பொருளின் ஊகம் என்பது பார்ப்பவருக்குத் தெரியாமல் போகிறது. 2017-இன் ‘பிராபப்ளி செல்சீ’யில் அதைச் சரிசெய்தார்: ராணுவ ரகசியங்களை விக்கிலீக்ஸுக்குக் கசியவிட்ட அமெரிக்க முன்னாள் ராணுவ வீரர் செல்சீ மேனிங்கின் ஒரே டி.என்.ஏ.விலிருந்து 30 வெவ்வேறு முகங்கள். அவருடைய படைப்புகளில் ஒன்றைத்தான் பார்க்க வாய்க்கும் என்றால், குப்பிகளை விட்டுவிட்டு அந்த முப்பதின் நடுவே போய் நிற்கலாம்.