ஹெம்ப் பார்சல் மாநிலம் தாண்ட எது தோது? யுஎஸ்பிஎஸ், யூபிஎஸ், ஃபெடெக்ஸ்

அமெரிக்காவில் ஹெம்ப் (போதைப்பொருள் மிகக் குறைந்த கஞ்சாச் செடி வகை) எண்ணெய், கம்மி மிட்டாய், காய்ந்த பூ ஆகியவற்றை வேறு மாநில வாடிக்கையாளருக்கு அனுப்பும் சிறு கடைக்காரர்கள் பெரும்பாலும் பார்ப்பது மூன்று சேவைகளைத்தான்: அரசு அஞ்சலான யுஎஸ்பிஎஸ், தனியார் கூரியர்களான யூபிஎஸ், ஃபெடெக்ஸ். யுஎஸ்பிஎஸ் முதலிடம், யூபிஎஸ் நிபந்தனையோடு இரண்டாமிடம், ஃபெடெக்ஸ் ஆட்டத்திலேயே இல்லை. கட்டணமும் வேகமும் இந்த வரிசையில் சேரவில்லை. வழியில் யாராவது பார்சலை மறித்தால் அனுப்பியவர் எதைக் காட்டித் தப்பலாம் என்பது மட்டுமே இங்கே அளவுகோல்.

முதலில் கஞ்சாவை ஒதுக்கிவிடுவோம். மூன்றிலும் அதற்கு இடமில்லை, மருத்துவ அட்டை இருந்தாலும் இல்லை. ஓரிகன், கலிஃபோர்னியா இரண்டிலும் கடையில் சட்டப்படி விற்கும் பொட்டலம்கூட இடையிலுள்ள எல்லையைத் தாண்டினால் கூட்டாட்சிக் குற்றம். அஞ்சலைப் பயன்படுத்தியதற்குத் தனி வழக்கு, நான்கு ஆண்டுவரை தனிச் சிறை. ஓரிகன் 2019-இலும் கலிஃபோர்னியா 2022-இலும் மாநிலங்களுக்கிடையிலான வணிகத்துக்குச் சட்டம் இயற்றின. ஆனால் கூட்டாட்சி இறங்கிவந்தால்தான் அவை உயிர்பெறும்.

ஹெம்ப்பின் கதை வேறு. 2018 டிசம்பர் 20 அன்று கையெழுத்தான வேளாண் சட்டம், உலர் எடையில் டெல்டா-9 டிஎச்சி (கஞ்சாவில் போதை தரும் வேதிப்பொருள்) 0.3 சதவீதத்தைத் தாண்டாத செடியைப் போதைப்பொருள் கட்டுப்பாட்டுப் பட்டியலிலிருந்து எடுத்துவிட்டது. விதிப்படி விளைந்த ஹெம்ப் தன் எல்லைக்குள் கடந்துபோவதை எந்த மாநிலமும் தடுக்கக்கூடாது என்றும் சொன்னது. கடந்துபோவதற்குத்தான் இந்தக் காப்பு. சேருமிடத்தில் விற்கவும் வைத்திருக்கவும் அந்தந்த மாநிலச் சட்டமே பொருந்தும். பணத்தை இழக்கும் விற்பனையாளர்களில் பலர் இந்த வேறுபாட்டைக் கவனிக்காதவர்கள். ஐடஹோவுக்குள் விற்கும் பொருளில் டிஎச்சி துளியும் இருக்கக்கூடாது. புகைக்கும் பூவுக்குத் தடை போட்ட மாநிலங்களும் உண்டு. இணையக் கடையின் முகவரிப் பக்கத்திலேயே பொருள்வாரியாக மாநிலங்களை அடைத்துவைப்பதுதான் சரி. ஆர்டரை வாங்கியபின் யோசிப்பது தாமதம்.

யுஎஸ்பிஎஸ் 2019 ஜூனில் வெளியிட்ட விதி, அதன் 52-ஆம் எண் கையேட்டில் இருக்கிறது. கேட்பது இரண்டுதான்: உற்பத்திக்கும் விற்பனைக்குமான கூட்டாட்சி, மாநில, உள்ளூர்ச் சட்டங்கள் எல்லாவற்றுக்கும் உட்பட்டிருக்க வேண்டும், அதை நிரூபிக்கும் ஆய்வக அறிக்கை, உரிமம் போன்ற ஆவணங்களை அனுப்பிய நாளிலிருந்து குறைந்தது 2 ஆண்டு வைத்திருக்க வேண்டும். கவுண்டரில் நீட்ட வேண்டியதில்லை, சந்தேகம் வந்தால் கேட்பார்கள். ஆனாலும் உள்ளே ஒரு நகல் வைப்பது நல்லது. உள்நாட்டுக்கு மட்டுமே இந்த அனுமதி. வெளிநாட்டுக்கும் ராணுவ அஞ்சல் முகவரிக்கும் கிடையாது. அம்மாவின் முழங்கால் வலிக்கு என்று சிபிடி (ஹெம்ப்பிலுள்ள போதை தராத வேதிப்பொருள்) எண்ணெயை மதுரைக்கு அனுப்ப நினைப்பவர்கள் அந்த எண்ணத்தை விட்டுவிடலாம்.

யூபிஎஸ்ஸும் சட்டத்துக்கு உட்பட்ட ஹெம்ப்பை எடுத்துக்கொள்கிறது, ஆனால் கஞ்சா விற்கும் இடத்திலிருந்து எடுப்பதில்லை. ஒரே கூரையின் கீழ் இரண்டையும் விற்கும் கடைக்கு இந்த ஒரு வரியே போதும், கணக்கு போய்விடும். ஹெம்ப் கிடங்கைத் தனி முகவரியில் வைத்திருப்பவர்களுக்குத்தான் இது சரிப்படும். பெட்டிக்கு 150 பவுண்டுவரை ஏற்பதால் மொத்தச் சரக்குக்கு வசதி. யுஎஸ்பிஎஸ் 70 பவுண்டோடு நிறுத்திக்கொள்கிறது.

ஃபெடெக்ஸின் தடைப்பட்டியலில் ஹெம்ப் செடி, இலை, எண்ணெய், அதிலிருந்து எடுத்த சிபிடி எல்லாமே உண்டு. 2019 நவம்பரில் வெர்மான்ட்டிலிருந்து புரூக்ளின் கடை ஒன்றுக்கு ஃபெடெக்ஸில் போன 106 பவுண்டு ஹெம்ப்பை நியூயார்க் காவல்துறை கஞ்சா என்று பறிமுதல் செய்தது. வழக்கு பிறகு கைவிடப்பட்டது. ஆவணம் எவ்வளவு சுத்தமாக இருந்தாலும், தன் விதியிலேயே வேண்டாம் என்கிற நிறுவனத்திடம் கொடுத்துவிட்டு இழப்பீடு கேட்க வழியில்லை.

காவலரைக் குறை சொல்லியும் பயனில்லை. வாசனை ஒன்று, தோற்றம் ஒன்று. தெருவில் செய்யும் நிறமாற்றச் சோதனைக்கு 0.3 சதவீத டிஎச்சிக்கும் 20 சதவீதத்துக்கும் வித்தியாசம் தெரியாது. 2019 ஜனவரியில் ஓரிகனிலிருந்து கொலராடோ போன லாரியை ஐடஹோவில் மறித்து ஏறத்தாழ 6,700 பவுண்டு ஹெம்ப்பை எடுத்துக்கொண்டார்கள், ஓட்டுநரையும் கைது செய்தார்கள்.

ஆகவே எந்தச் சேவையானாலும் பார்சலின் உயிர் ஆய்வக அறிக்கையில்தான். அதிலுள்ள தொகுதி எண் லேபிளில் இருப்பதோடு ஒத்துப்போக வேண்டும். டெல்டா-9, அதன் அமில வடிவமான டிஎச்சிஏ இரண்டும் தனித்தனியாக இருக்க வேண்டும். மொத்த டிஎச்சி என்பது டெல்டா-9-உடன் டிஎச்சிஏவின் 0.877 பங்கைக் கூட்டினால் வருவது. டெல்டா-9 0.2, டிஎச்சிஏ 0.4 என்றால் மொத்தம் 0.55. வேளாண் துறை வயலில் பார்ப்பது இந்த மொத்தத்தைத்தான், அதுவும் அறுவடைக்கு முந்தைய 30 நாளுக்குள் எடுத்த மாதிரியில். டெல்டா-9 எண்ணை மட்டும் காட்டி விற்கிற டிஎச்சிஏ பூவை அஞ்சலில் போடுவது துணிச்சல் இல்லை, சூதாட்டம். வெப்பத்திலும் நாள்போக்கிலும் டிஎச்சிஏ டெல்டா-9 ஆக மாறும் என்பது இன்னொரு சிக்கல்: வயலில் டெல்டா-9 மட்டும் 0.28 காட்டிய பூ, கோடையில் வேனுக்குள் கிடந்தபின் 0.3-ஐத் தாண்டியிருக்கலாம்.

ஆவியாக்கி இழுக்கும் வேப் கருவிக்கும் அதில் செருகும் திரவக் காட்ரிஜுக்கும் மூன்றிலுமே கதவு மூடியாகிவிட்டது. யுஎஸ்பிஎஸ் 2021 அக்டோபர் 21 முதல் குறுகிய விதிவிலக்குகள் தவிர அவற்றை எடுப்பதில்லை. உள்ளே நிகோடினா, சிபிடியா என்பதெல்லாம் கணக்கில்லை. மற்ற இரண்டும் அதே ஆண்டு முன்னதாகவே நிறுத்திவிட்டன. சாராயத்தில் இறக்கிய டிங்சர் தீப்பற்றும் திரவம் என்பதால் ஹெம்ப் விதியோடு ஆபத்துப்பொருள் விதியும் சேரும். தேங்காயிலிருந்து எடுக்கும் எம்சிடி எண்ணெயில் கலந்ததற்கு அந்தத் தொல்லை இல்லை. மூடிக்கு ஒட்டுநாடா, குப்பியைச் சுற்றி உறிஞ்சுதாள், கசியாத இரண்டாம் உறை, அதன்மேல் பெட்டி என்று கட்டினால் போதும்.

புதிதாக முதல் போடுபவர்கள் இன்னொன்றைக் கணக்குப் பார்க்க வேண்டும். 2025 நவம்பர் 12 அன்று கையெழுத்தான சட்டம் ஹெம்ப்பின் வரையறையையே மாற்றியிருக்கிறது. ஓராண்டு கழித்து அது நடைமுறைக்கு வரும்போது மொத்த டிஎச்சியே அளவுகோல். விற்பனைக்கு வரும் ஒரு கொள்கலனில் 0.4 மில்லிகிராமுக்கு மேல் கூடாது. 30 மில்லி எண்ணெய்க் குப்பியில் 0.1 சதவீதம் இருந்தாலே 28 மில்லிகிராம் ஆகிவிடும். அதாவது இன்று யுஎஸ்பிஎஸ்ஸில் ஒழுங்காகப் போகிற முழுச்சாறு எண்ணெய் (டிஎச்சியை நீக்காமல் செடியின் சாறு முழுவதும் சேர்ந்தது) புதிய வரையறைப்படி ஹெம்ப்பே அல்ல. அஞ்சல் விதியில் ஓர் எழுத்தும் மாறாமலே அது அனுப்பத் தகாததாகிவிடும். டிஎச்சி நீக்கிய தூய சிபிடி, உரித்த விதை, விதை எண்ணெய், நார் ஆகியவற்றில் இருப்பவர்களுக்கு அவ்வளவு பாதிப்பில்லை. கம்மி மிட்டாய், முழுச்சாறு வகைகளில் இருப்பவர்கள் ஆறு மாதத்துக்கு மேற்பட்ட சரக்கைக் கிடங்கில் ஏற்றாமல் இருப்பது நல்லது.