கடலூரில் ஒரு ஆலை, சேதராப்பட்டில் ஒரு ஆலை: எஸ்ஏபியா, இஆர்பிநெக்ஸ்டா, ஜோஹோவா?

கடலூர் சிப்காட் தொழிற்பேட்டையில் ஒரு ஆலை, புதுச்சேரி மாநிலத்துச் சேதராப்பட்டில் இன்னொன்று, தலைமை அலுவலகம் புதுச்சேரி நகருக்குள். இப்படி அமைந்த நிறுவனம் எஸ்ஏபி, இஆர்பிநெக்ஸ்ட், ஜோஹோ போன்ற இஆர்பி (கணக்கு, கிடங்கு, உற்பத்தி எல்லாவற்றையும் ஒன்றாக நடத்தும் மென்பொருள்) வாங்கப் போனால், டெமோவில் டேஷ்போர்டைக் காட்ட விடாதீர்கள். ஒரே ஒரு வேலையைச் செய்து காட்டச் சொல்லுங்கள்: கடலூர் கிடங்கிலிருந்து 20 டிரம் சரக்கு சேதராப்பட்டுக்குப் போக வேண்டும்.

தமிழ்நாட்டு ஜிஎஸ்டி எண் 33-இல் தொடங்கும், புதுச்சேரி எண் 34-இல். பான் ஒன்றுதான் என்றாலும் சட்டப்படி இரண்டும் தனித்தனி நபர்கள். எனவே சொந்தச் சரக்கைச் சொந்த ஆலைக்கு அனுப்பவும் ஐஜிஎஸ்டி (மாநிலம் விட்டு மாநிலம் போகும் சரக்குக்கான வரி) போட்ட இன்வாய்ஸ் வேண்டும். ஆண்டு விற்றுமுதல் 5 கோடியைத் தாண்டினால் அது அரசுத் தளத்தில் பதிவான இ-இன்வாய்ஸாக இருக்க வேண்டும். சரக்கு மதிப்பு 50,000 ரூபாய்க்கு மேல் என்றால் சரக்கோடு போக வேண்டிய இ-வே பில்லும் சேரும்.

எஸ்ஏபியின் இப்போதைய பதிப்பான எஸ்/4ஹானாவில் ஒவ்வொரு ஆலையையும் அதன் ஜிஎஸ்டி எண் உள்ள பிசினஸ் பிளேஸோடு இணைத்துவிட்டால் ஸ்டாக் டிரான்ஸ்பர் ஆர்டர், டெலிவரி, பில்லிங் என்று வரிசையாக ஓடும். அமைக்க நாளாகும், ஆனால் அதன்பின் கிடங்கில் தவறு நடக்க இடம் குறைவு. இஆர்பிநெக்ஸ்டில் ஜிஎஸ்டி வேலைக்கான இந்தியா கம்ப்ளையன்ஸ் செயலியைத் தனியாக நிறுவ வேண்டும். அங்கே பலர் இடறும் இடம் ஒன்று உண்டு. கிடங்குக்காரர் பழக்கத்தில் ஸ்டாக் என்ட்ரியில் மெட்டீரியல் டிரான்ஸ்பர் போட்டுவிடுவார். இருப்பு நகரும், வரி இன்வாய்ஸ் உருவாகாது. இரண்டு மாநிலக் கிடங்குகளுக்கு இடையே அந்த என்ட்ரியையே தடுத்துவிட்டு, உள் வாடிக்கையாளர் (நிறுவனத்தின் மற்றொரு கிளை) பெயரில் சேல்ஸ் இன்வாய்ஸாகத்தான் போக வேண்டும் என்று முதல் நாளே விதி எழுதுங்கள். ஜோஹோவின் கணக்கு மென்பொருளான புக்ஸிலும் இடவாரியாகத் தனி ஜிஎஸ்டி எண் வைக்கலாம்.

இதைவிட அதிகம் தொல்லை தருவது பின்கோடு. பழைய வாடிக்கையாளர் பட்டியலை ஏற்றும்போது 605 என்று கண்டாலே மாநிலம் புதுச்சேரி என நிரப்பிவிடுகிறார்கள். விழுப்புரம் 605602, ஆரோவில் 605101, இரண்டும் தமிழ்நாடு. காரைக்கால் 609, மாஹே 673, ஏனாம் 533 என்று தொடங்கினாலும் மூன்றுக்கும் ஜிஎஸ்டி குறியீடு 34. மாநிலம் தவறினால் ஐஜிஎஸ்டி வர வேண்டிய இடத்தில் ஒரே மாநிலத்துக்குள் விற்றால் போடும் சிஜிஎஸ்டியும் எஸ்ஜிஎஸ்டியும் வரும், அல்லது இ-இன்வாய்ஸ் தளம் திருப்பி அனுப்பும். மாநிலத்தை ஜிஎஸ்டி எண்ணின் முதல் இரண்டு இலக்கத்திலிருந்து எடுங்கள்.

உற்பத்தி என்று வந்தால் மூன்றும் சமமல்ல. ரசாயன ஆலையில் 98 சதவீத வீரியமுள்ள 100 கிலோவும் 92 சதவீத வீரியமுள்ள 100 கிலோவும் தராசில் ஒன்று, செய்முறையில் ஆறு கிலோ வித்தியாசம். பேட்ச் வாரியான இந்த வீரியக் கணக்கு எஸ்ஏபியில் உள்ளேயே இருக்கிறது. இஆர்பிநெக்ஸ்டில் பேட்ச் உண்டு, தரச்சோதனை உண்டு, இந்தக் கணக்கை மட்டும் நிரல் எழுதிச் சேர்க்க வேண்டும். ஜோஹோ புக்ஸும் அதன் சரக்கிருப்பு மென்பொருளான இன்வென்டரியும் பாகங்களைச் சேர்த்துக் கட்டும் வேலைக்கும் வணிகத்துக்கும் பொருந்தும், ரியாக்டர் (ரசாயன வினை நடக்கும் கலன்) ஓடும் ஆலைக்குப் போதாது. ரசாயனம் என்றால் எங்கள் கை எஸ்ஏபி பக்கம். பாகங்கள் பூட்டும் ஆலைக்கு அந்தச் செலவு வீண், இஆர்பிநெக்ஸ்டே நன்றாகத் தாங்கும். ஏற்கெனவே எஸ்ஏபியின் பழைய பதிப்பான இசிசி 6.0-ஐ மேம்பாட்டுத் தொகுப்பு (இஎச்பி) 6 முதல் 8 வரை ஒன்றோடு வைத்திருப்பவர்களுக்கு வழக்கமான பராமரிப்பு 2027 முடிய மட்டுமே. கூடுதல் கட்டணம் கட்டினால் 2030 வரை இழுக்கலாம்.

தகவல் தொடர்புக்கு மைக்ரோசாஃப்டின் டீம்ஸா, ஜோஹோவின் கிளிக்கா? மெயில், சாட், பணியாளர் பதிவு மூன்றும் ஜோஹோவில் என்றால் கிளிக் போதும். எஸ்ஏபியோடு டீம்ஸ் எளிதாக இணையும். ஆலைத் தொழிலாளர்களுக்கு முழு உரிமம் வாங்காதீர்கள், முன்களப் பணியாளருக்கான மலிவான திட்டம் தனியாக இருக்கிறது. தொலைபேசியையும் டீம்ஸுக்கு மாற்ற நினைத்தால் ஒன்று கவனம்: இணைய அழைப்பைச் சாதாரணத் தொலைபேசி வலையோடு கலந்து தூர அழைப்புக் கட்டணத்தைத் தவிர்ப்பது இங்கே சட்டமீறல். கடலூரின் 04142 இணைப்பும் புதுச்சேரியின் 0413 இணைப்பும் உள்ள நிறுவனம் இடம் பார்த்து அழைப்பைத் திருப்பும் அமைப்பைக் கட்டாயம் போட வேண்டும். எதை எடுத்தாலும் பர்ச்சேஸ் ஆர்டருக்கு வாட்ஸ்அப்பில் "ஓகே" போடும் பழக்கம் நிற்க வேண்டும். 2023 ஏப்ரல் 1 முதல் கம்பெனிகளின் கணக்கு மென்பொருளில் எடிட் லாக் (எப்போது எதை மாற்றினார்கள் என்ற பதிவு) கட்டாயம். அந்த "ஓகே" அதில் ஏறாது.

சர்வரை ஆலையிலேயே வைப்பதானால் தரைத்தளம் வேண்டாம். 2011 டிசம்பர் 30-இல் தானே புயல், 2015 வெள்ளம், 2024 நவம்பர் 30-இல் ஃபெஞ்சல் புயல் என்று இந்தக் கரை வாங்கிய அடி போதும். கிளவுட் என்றால் இரண்டு நிறுவனங்களின் இணைய இணைப்பு, அதுவும் வெவ்வேறு பாதையில் வரும் கேபிளாக வேண்டும். இரண்டும் ஒரே கம்பத்தில் வந்தால் ஒன்றுக்குச் சமம்.

புது மென்பொருளைத் தொடங்க ஏப்ரல் 1 எல்லோருக்கும் பிடித்த நாள். ஆனால் அப்போது கணக்குப் பிரிவு மார்ச் முடிப்பில் மூழ்கியிருக்கும், அக்டோபருக்குத் தள்ளினால் மழை. ஜூலை 1 சரி: காலாண்டும் தொடங்குகிறது, பெருமழைக் காலமும் இல்லை. அதற்கு முந்தைய 48 மணி நேரம் சரக்கு அசைவை நிறுத்தி நேரில் எண்ணுங்கள். பர்ச்சேஸ் ஆர்டரில் இன்னும் வர வேண்டிய அளவை மட்டும் ஏற்றுங்கள். தரச்சோதனை முடியாத பேட்சைத் தனி நிலையில் ஏற்ற மறந்தால், மறுநாள் காலை அதுதான் முதலில் ரியாக்டருக்குள் போகும்.