அம்மாவின் பேரெல்லாம் ஒரு சேலையில்: டிக்கோயா பாதை நெசவுக்காரர்

நேரத்தைத் துணியாக நெய்து தரும் நெசவுக்காரர் ஒருவர் இருக்கிறார் என்று கேள்விப்பட்டபோது, வெள்ளைக்காரச் சுற்றுலாப் பயணிகளுக்கான வித்தை என்றுதான் நினைத்தேன். இலங்கை மலையகத்தில், ஹட்டனிலிருந்து டிக்கோயா போகும் பாதையில், ஒரு ரொட்டிக் கடைக்கு மேலே ஒற்றைத் தறி. பெயர்ப்பலகை கிடையாது. படியேறும்போதே தறிச் சத்தம் கேட்கும், அதுதான் அடையாளம்.

நெசவுக்கார அண்ணன் கேட்ட முதல் கேள்வி, "அம்மாவோட சம்பளத் துண்டு இருக்கா தங்கச்சி?"

இருந்தது. அம்மா 1989இல் கல்யாணமாகி வந்து தேயிலைத் தோட்டத்தில் பேர் பதிந்ததிலிருந்து 2018 முடிய வந்த சம்பளச் சீட்டுகளை ஒரு பிஸ்கட் டின்னில் போட்டு வைத்திருந்தார். கூரை ஒழுகி நனைந்ததில் சில மாதங்கள் போய்விட்டன, மற்றதெல்லாம் உண்டு.

வெளியூர்க்காரர்களுக்காக ஒரு வார்த்தை. எங்கள் பக்கம் ஒரு நாள் வேலையைப் 'பேர்' என்போம். பறித்த தேயிலைக் கொழுந்து சொன்ன கிலோவுக்குக் குறைந்தால் அரைப்பேர். அண்ணனின் கண்டுபிடிப்பு இதில்தான் நிற்கிறது. ஒரு பேருக்கு, குறுக்கே ஓடும் ஓர் ஊடை நூல். ஊடையைக் கொண்டுபோகும் நாடா ஒரு தரம் ஓடி, அதை நெருக்கும் பலகை ஒரு தரம் அடித்தால் ஒரு நாள் முடிந்தது. பலகையோடு ஒரு பழைய மீட்டரை இணைத்து வைத்திருக்கிறார், அடிக்கு ஓர் எண் ஏறும். கொழுந்து நாளுக்குப் பச்சை. புல் வெட்டு, முள்ளு குத்து (முள்ளால் மண்ணைக் கிளறுவது) நாளுக்குத் தேயிலைத் தூளில் காய்ச்சிய மண்ணிறம். அரைப்பேர் என்றால் பச்சை நூல் பாதி அகலம் வரைதான் வரும், மீதியை வெள்ளை நூல் நிரப்பும். நனைந்துபோன மாதங்களுக்கு முழு வெள்ளை.

கணக்கு வேலை பார்ப்பவள் என்பதால் அங்கேயே போட்டுப் பார்த்தேன். அங்குலத்துக்கு 40 நூல். மாதத்துக்கு 25 பேர் என்றால் வருஷத்துக்கு 300, அதாவது ஏழரை அங்குலம். ஒரு சாண்கூட இல்லை. 29 வருஷத்தைப் பெருக்கினால் ஐந்தரை மீட்டர். சரியாக ஒரு சேலை! "நான் ஒண்ணும் செய்யல தங்கச்சி, அம்மாதான் ஒரு சேலைக்கு வேலை செஞ்சிருக்காங்க" என்றார்.

அண்ணனின் அப்பா விடியற்காலையில் தப்புப் பறை அடித்து, லயம் என்கிற தோட்டத்து வரிசை வீட்டு ஆட்களைப் பிரட்டுக்கு, அதாவது காலை ஆள்கணக்கெடுப்புக்கு, எழுப்பியவராம். வீட்டில் மணிக்கூடு கிடையாது, அப்பாதான் மணிக்கூடு. இவர் தேயிலைத் தொழிற்சாலையில் மெசின் வேலை பார்த்து, அப்புறம் பெண்பிள்ளைகளோடு ஒரே ஆணாக உட்கார்ந்து நெசவு பழகியிருக்கிறார். பேச ஆரம்பித்தால் தறி நின்றுவிடும். தாமதத்துக்கு அதுதான் காரணம் என்பது என் கட்சி.

ஆமாம், தாமதம். தைப்பொங்கலுக்குத் தருவதாகச் சொன்னது சித்திரை வருஷப்பிறப்பும் கழிந்து வந்தது. விலை 38,000 ரூபாய், பாதி முன்பணம். ரசீது கேட்டால் கொப்பித் தாளைக் கிழித்து எழுதித் தருகிறார்.

ஆனால் சேலை! கஞ்சி மொடமொடப்போடு மடியில் விரித்ததும் அம்மா விரலால் தடவிக்கொண்டே போனார். பச்சைக்கு நடுவே சந்தன நிறத்தில் இரண்டங்குலப் பட்டை. பெரியக்கா பிறந்ததற்கு வந்த பிரசவ லீவு, 84 நூல். கொஞ்சம் தள்ளி சின்னக்காவுக்கும் அதே இரண்டங்குலம். இன்னும் தள்ளி நான். ஓர் அங்குலம்தான்.

அண்ணன் கஞ்சத்தனம் பண்ணிவிட்டார் என்று நினைத்து, "எனக்கு ஏன் பாதி?" என்றேன்.

"மூணாவது புள்ளைக்கு ஆறு கெழமதான்டி குடுத்தாங்க. ஒன்னய புள்ளக்காம்பராவுல போட்டுட்டு மலைக்குப் போயிட்டேன்."

புள்ளக்காம்பரா என்பது தோட்டத்துப் பிள்ளைக் காப்பகம், கிழமை என்பது வாரம். முதல் இரண்டு பிள்ளைகளுக்கு 12 கிழமை, மூன்றாவதிலிருந்து 6 என்றுதான் சட்டம் இருந்தது. 2018இல்தான் அதை மாற்றினார்கள். பல தடவை கேட்ட கதைதான், ஆனாலும் அந்த ஓர் அங்குலத்தில் கட்டைவிரலை வைத்தபோது வேறு மாதிரி இருந்தது. உடுத்தினால் கொசுவத்துக்குள் போய்விடும், வெளியே தெரியாது.

ஒரு குறை சொல்லியே ஆக வேண்டும். முந்தானைக் கடைசியில் கறுப்பாக ஒரு சின்னக் கோடு. நாளுக்கு ஆயிரம் ரூபாய் சம்பளம் கேட்டு 2018 டிசம்பரில் வேலைநிறுத்தம் செய்த நாட்கள். அத்தோடு அம்மா 50 வயதில் ஈபிஎஃப் (சேமலாப நிதி) எடுத்துக்கொண்டு நின்றுவிட்டார். தேயிலைச் சாயத்தில் இரும்புத் துருவைக் கலந்தால் கறுப்பு வரும். இரும்பு கூடிப்போனால் நூல் நொய்ந்துவிடும், அதுதான் நடந்தது. இரண்டாம் தரம் அலசியதும் பிரிய ஆரம்பித்தது. கொண்டுபோய்க் காட்டினேன். முகம் சுளிக்காமல், காசும் வாங்காமல், அந்தத் துண்டை வெட்டிவிட்டு ஓரம் அடித்துத் தருவதாகச் சொன்னார்.

அம்மா சேலையைக் கொடுக்கவே இல்லை. "போனா போகட்டும் விடு. அந்த நாளுக்கெல்லாம் பேரும்தான் விழல."