எங்கள் கல்லூரி உள்விளையாட்டரங்கம்: மாணவியாக நாலு வருடம், ஆசிரியையாக ஆறு வருடம்

2013இல் நான் முதலாமாண்டு சேர்ந்தபோது அரங்கத்தில் பெயின்ட் வாசனை போகவில்லை. 2017இல் படிப்பு முடிந்து கிளம்பினேன். எம்.இ. முடித்துவிட்டு 2019இல் அதே கல்லூரியில் வேலைக்குச் சேர்ந்தேன். அன்று "வா பாப்பா" என்று கதவைத் திறந்துவிட்ட, அரங்கத்தைப் பார்த்துக்கொள்ளும் மார்க்கர் அண்ணன் இன்று "வாங்க மேடம்" என்கிறார். மற்றபடி அதே கதவு, அதே கிறீச்.

கல்லூரி பெயர் வேண்டாம். தென்மாவட்டத்தில் ஒரு பொறியியல் கல்லூரி, அவ்வளவு போதும். நம் ஊர்ப்பக்கம் பல கல்லூரிகளில் அரங்கத்தின் கதை இதுதான் என்பதால் எழுதுகிறேன்.

கட்டடத்தைக் குறை சொல்ல மாட்டேன். ஒரு கூடைப்பந்து ஆடுகளம் (28 மீட்டருக்கு 15) நடுவில். அதன்மேலேயே குறுக்காக ஷட்டில் கோர்ட்டுகள், வாலிபால், கபடி என்று எல்லாவற்றுக்கும் கோடு. மஞ்சள் கூடைப்பந்து, வெள்ளை ஷட்டில், நீலம் வாலிபால், சிவப்பு கபடி. புதிதாக வரும் பிள்ளைகள் முதல் வாரம் வாலிபால் கோட்டைப் பார்த்து "அவுட்" என்று சண்டை போடுவார்கள். போகப்போகக் கண் தனக்கு வேண்டிய நிறத்தை மட்டும் பார்க்கப் பழகிவிடும். கூரை நல்ல உயரம். சர்வதேச ஷட்டில் போட்டிக்குக் குறைந்தது 9 மீட்டர் வேண்டும் என்பார்கள். எங்களுடையது அதற்குக் கொஞ்சம் மேலேயே இருக்கும் என்று பி.டி. சார் பெருமையாகச் சொல்வார். லாப் தூக்கி அடித்து, கூரையைத் தாங்கும் இரும்புச் சட்டமான டிரஸ்ஸில் பட்டதாக எனக்கு நினைவில்லை. டிரஸ்ஸில் குடியிருக்கும் புறாக்கள் பதிலுக்கு எங்கள் மேல் போட்டதுண்டு.

முதல் மூன்று வருடம் வெறும் கோட்டா கல் தரையில் ஆடினோம். அப்போது தெரியவில்லை, வயசு அப்படி. இப்போது மாடிப்படி இறங்கும்போது வலது முழங்கால் அந்த மூன்று வருடத்தைக் கணக்குச் சொல்கிறது. நான்காம் ஆண்டில்தான் இரண்டு கோர்ட்டுக்கு மட்டும் பச்சை செயற்கை விரிப்பு (மேட்) வந்தது. காலை ஊன்றித் திரும்பும்போது உள்ள வித்தியாசத்தைச் சொல்லிப் புரியவைக்க முடியாது, ஆடிப் பார்த்தால்தான் தெரியும். கல்லூரியில் அரங்கம் கட்டுகிறவர்கள் யாராவது இதைப் படித்தால் ஒன்றே ஒன்று: முகப்பில் கிரானைட் பதிக்கும் காசைத் தரைக்குப் போடுங்கள்.

வெளிச்சத்தைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே புலம்ப வேண்டும். முதலில் மாட்டியிருந்தது மெட்டல் ஹாலைடு விளக்குகள். கரன்ட் ஒரு நொடி போய் வந்தாலும் அவை அணைந்துவிடும். குழல் ஆறினால்தான் மறுபடி பற்றும், பற்றியும் மெதுவாகத்தான் வெளுக்கும். கால் மணி நேரம் அம்போ. நாங்கள் அந்த இருட்டில் சப்பணமிட்டு உட்கார்ந்து அந்தாக்ஷரி பாடியிருக்கிறோம். பிறகு எல்.இ.டி. வந்தது. உடனே எரிகிறது, சந்தோஷம். ஆனால் மாட்டியவர் கோர்ட்டுக்கு நேர் மேலே மாட்டிவிட்டார். ஸ்மாஷ் அடிக்க அண்ணாந்தால் காக்குக்கு (இறகுப்பந்துக்கு) பதில் ஒரு வெள்ளைப் பிழம்புதான் தெரியும். ஷட்டிலுக்கு விளக்கு பக்கவாட்டில், கோர்ட்டுக்கும் கோர்ட்டுக்கும் நடுவில் வரிசையாக வர வேண்டும். எலக்ட்ரீஷியனைச் சொல்லிக் குற்றமில்லை, அவரிடம் யாரும் சொல்லவில்லை. சுவரும் அப்படித்தான். கட்டும்போது பார்க்கப் பளிச்சென்று இருக்கட்டும் என்று க்ரீம் நிறம் அடித்தார்கள். வெள்ளைக் காக் அதில் கரைந்துபோகும். பி.டி. சார் விடாமல் கடிதம் எழுதி எழுதித்தான் பின்சுவர் கரும்பச்சை ஆனது.

அப்புறம் காற்று. எங்கள் பக்கம் கணவாய்க் காற்று, ஆடி மாதம் வந்தால் ஆளையே தள்ளும். ஒரு காக் ஐந்து கிராம் சொச்சம்தான். மேற்குக் கதவைத் திறந்து வைத்தால் நம் சர்வீஸ் பக்கத்துக் கோர்ட்டுக்காரர் காலடியில் விழும். சாத்தினால் இட்லிக் கொப்பரைக்குள் ஆடுவது மாதிரி. ஃபேன் இருக்கிறது, ஷட்டில் ஆடும்போது போட முடியாது. கடைசியில் நாங்கள் கண்டுபிடித்த வழி: கிழக்குக் கதவு மட்டும் பாதி, ஆட்டத்துக்கு ஆட்டம் நடுவில் ஐந்து நிமிடம் ஃபேன்.

சூட்டில் காற்று லேசாகிவிடுவதால் காக் வழக்கத்தைவிட வேகமாகப் பறக்கும் என்பதும் இங்கே ஆடித்தான் புரிந்தது. நைலான் காக் வாங்கினால் மேவிஸ் 350 என்ற ரகத்தில் பச்சைப் பட்டை மெதுவானது, நீலம் நடுத்தரம், சிவப்பு வேகமானது. எங்கள் ஊர் வெயிலுக்குப் பச்சைதான் சரி. கடைக்காரர் பெரும்பாலும் நீலத்தை நீட்டுவார், கேட்டு வாங்குங்கள். இறகு காக் என்றால் முந்தின இரவு காக் அடைத்து வரும் குழாயைத் திறந்து கொஞ்சம் ஆவி காட்டி வைப்பேன். காய்ந்த இறகு இரண்டு ரேலியில் முறிந்துவிடும், பதினாறில் ஒன்று போனாலே காக் தள்ளாடும்.

கூடைப்பந்து பற்றி ஒரு சின்ன விஷயம். 1891இல் அமெரிக்காவின் ஸ்பிரிங்ஃபீல்டில், ஒய்.எம்.சி.ஏ. பயிற்சிக் கல்லூரியில், குளிரில் வெளியே போக முடியாத மாணவர்களுக்காக ஜேம்ஸ் நெய்ஸ்மித் உருவாக்கிய ஆட்டம் அது. ஜிம்னேசிய பால்கனிக் கம்பியில் பீச் கூடையைக் கட்டினார். கம்பி இருந்த உயரம் பத்தடி, இன்றும் வளையம் பத்தடியில்தான். அவர்கள் பனிக்குப் பயந்து உள்ளே போனார்கள், நாங்கள் வெயிலுக்குப் பயந்து.

இவ்வளவும் சகித்துக்கொள்ளலாம். என் உண்மையான மனக்குறை வேறு: ஆடுவதற்கு அரங்கம் கிடைப்பதே பெரிய பாடு.

செமஸ்டர் தேர்வு என்றால் மேட்டைச் சுருட்டி ஓரம் போட்டு மேசை நாற்காலி வந்துவிடும். கேம்பஸ் இன்டர்வியூ, பட்டமளிப்பு விழா, கல்ச்சுரல்ஸ், ஒவ்வொன்றுக்கும் இதே. ஒருமுறை மேட்டைச் சுருட்டாமலே மேலே நாற்காலி போட்டார்கள். இரும்புக் கால் கிழித்த தடம் முதல் கோர்ட்டின் நெட் பக்கம் இன்னும் இருக்கிறது, பழுப்பு டேப் ஒட்டி ஓட்டுகிறோம். சாவி விளையாட்டுத் துறையிடம் இல்லை, அலுவலகத்தில். பி.டி. சாரே கையெழுத்துப் போட்டுத்தான் வாங்க வேண்டும்.

மாணவியாக இருந்தபோது இன்னொரு சிக்கல். வகுப்பு 4.15க்கு முடியும். பெண்கள் விடுதிக்குள் 6.30க்கு இருந்தாக வேண்டும். பையன்கள் டீம் பிராக்டிஸ் 4.30க்கு ஆரம்பித்து இரண்டு கோர்ட்டைப் பிடித்துவிடும். மீதிக் கோர்ட்டுக்கு, தெருக்குழாயில் குடம் வைத்து இடம் பிடிப்பது மாதிரி, பெஞ்சில் பேட்டை வரிசையாக வைத்துக் காத்திருப்போம். 21 பாயின்ட் ஆட்டத்தை 11 ஆக்கினாலும் ஒரு பெண்ணுக்கு ஒரு ஆட்டம் கிடைத்தால் அதிசயம். பையன்களுக்கு எட்டு மணிவரை அரங்கம் திறந்திருக்கும். எங்களுக்குத் திறந்திருந்ததும் மூடியிருந்ததும் ஒன்றுதான். ஆசிரியையாக வந்தபின் கூட்டத்துக்குக் கூட்டம் இதைப் பேசி, ஒருவழியாக 2022இல் வாரத்தில் மூன்று நாள் காலை ஆறு முதல் ஏழரை வரை பெண்களுக்கு மட்டும் என்று ஆணை வாங்கினோம். முதல் நாள் நாலு பேர் வந்தார்கள். இப்போது பெஞ்சில் பேட் வைக்க இடமில்லை.

2023 டிசம்பர் 17, 18 மழையை யாரும் மறந்திருக்க மாட்டார்கள், காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 95 சென்டிமீட்டர் கொட்டிய மழை. எங்கள் அரங்கத்தில் ஷட்டருக்கு அடியில் தண்ணீர் புகுந்து மேட்டுக்குக் கீழே தங்கிவிட்டது. நல்லெண்ணத்தில் யாரோ மேட்டைத் தூக்கி வெயிலில் காயப்போட்டார்கள், ஓரமெல்லாம் அப்பளம் மாதிரி சுருண்டுவிட்டது. நிழலில்தான் காயவைக்க வேண்டும், அதுவும் தட்டையாகப் போட்டு. தெரிந்துகொள்ள ஒரு மேட் செலவானது.

அதை மாற்றி நிமிர்வதற்குள் 2024 நாடாளுமன்றத் தேர்தல். ஏப்ரல் 19 வாக்குப்பதிவு, ஜூன் 4 எண்ணிக்கை. வாக்கு எண்ணும் மையம் எங்கள் கல்லூரி. 46 நாள் அந்தப் பக்கமே போக முடியவில்லை, துப்பாக்கியோடு காவல். இதற்கு யாரிடமும் கோபப்பட முடியாது, எங்காவது எண்ணத்தானே வேண்டும். ஜூன் இரண்டாம் வாரம் திறந்துவிட்டபோது தடுப்புக் கம்பும் கம்பி வலையும் போயிருந்தன. "மேசை எண் 11" என்று அச்சடித்த தாள் மட்டும் இரண்டாம் கோர்ட்டின் பின்சுவரில் அப்படியே இருந்தது. கிழிக்கப் போன மார்க்கர் அண்ணனைப் பிள்ளைகள்தான் தடுத்தார்கள். லாங் சர்வ் பழகும் புதுப் பெண்ணுக்கு இப்போதும் அதைத்தான் காட்டுகிறோம்: "பதினொன்னப் பார்த்துத் தூக்கி அடி."