ஒளியாண்டா, பார்செக்கா?

விண்மீன்களின் தூரத்தைச் சொல்லப் பொது வாசகருக்கு ஒளியாண்டே போதும்: வெற்றிடத்தில் ஒளி 365.25 நாளில் கடக்கும் தூரம், சுமார் 9.46 லட்சம் கோடி கி.மீ. பெயரில் ஆண்டு இருப்பதால் பலர் இதைக் கால அளவாக எழுதிவிடுகிறார்கள். இது தூரம் மட்டுமே.

கணக்குப் போடுபவருக்குப் பார்செக்தான் சரி. அளக்கும் முறையிலிருந்தே பிறந்த அலகு அது. பூமி சூரியனைச் சுற்றுவதால் அருகிலுள்ள விண்மீன் பின்னணியில் சற்றே நகர்ந்து தெரியும். ஆறு மாத இடைவெளியில் அளந்த அந்தக் கோணத்தில் பாதியை வில்விநாடியில் (ஒரு பாகையின் 3600-இல் ஒரு பங்கு) எடுத்து, அதனால் 1-ஐ வகுத்தால் தூரம் பார்செக்கில் கிடைக்கும். சூரியனுக்கு மிக அருகிலுள்ள விண்மீனான பிராக்சிமா சென்டாரிக்கு 0.768 வில்விநாடி, ஆகவே 1.302 பார்செக், 3.2616-ஆல் பெருக்கினால் 4.25 ஒளியாண்டு. பாதியாக்க மறந்தால் தூரமும் பாதியாகிவிடும்.

விண்மீன்களின் இடத்தை அளந்த கையா விண்கலத்தின் தரவில் கோணம் மில்லி வில்விநாடியில் இருக்கும். அங்கே 1000-ஐ வகுக்க வேண்டும். அளவீட்டுப் பிழை 20 சதவீதத்தைத் தாண்டினால் இந்த நேரடி வகுத்தலை நம்பக் கூடாது.