ரங்கனதிட்டு படகுச் சவாரி: எப்போது போகலாம், எப்படிப் பார்க்கலாம்?

கிருஷ்ணராஜ சாகரிலிருந்து காவிரியில் நீர் திறக்கப்பட்ட செய்தியைத் தமிழ்நாட்டில் இருப்பவர்கள் மேட்டூர் நிரம்புமா என்ற கணக்கோடுதான் படிக்கிறோம். ரங்கனதிட்டுப் பறவைகள் சரணாலயத்துக்குக் கிளம்புகிறவர் அதே செய்தியை வேறொரு கணக்கோடு படிக்க வேண்டும் என்பது முதல் தடவை போனபோது எனக்கு உறைக்கவில்லை. அது ஜூலை மாதம். மேலே அணை நிறைந்து உபரி நீர் பெருகி வந்துகொண்டிருந்ததால் படகுகள் கரையில் கட்டிக் கிடந்தன. திட்டுகளில் சில மரத்தலைகள் மட்டும் தெரிய மூழ்கியிருந்தன. செந்நிறத்தில் சுழித்தோடிய ஆற்றைக் கரையில் நின்று ஒரு மணி நேரம் பார்த்துவிட்டுத் திரும்பினேன். நாளிதழைப் புரட்டாமல் கிளம்பிய என்னைத் தவிர வேறு யாரையும் அதற்குக் குறை சொல்ல முடியாது. இரண்டாம் முறை பிப்ரவரிக் கடைசியில் போனேன். கீழே உள்ளது பெரும்பாலும் அந்தப் பயணத்தைப் பற்றியது.

சரணாலயம் கர்நாடகத்தின் மாண்டியா மாவட்டத்தில், ஸ்ரீரங்கப்பட்டணத்தை ஒட்டி, மைசூரிலிருந்து 20 கிலோமீட்டருக்குள் இருக்கிறது. பெயரில் உள்ள 'திட்டு' நாம் ஆற்றுத்திட்டு, மணல்திட்டு என்று சொல்லும் அதே திட்டுதான். ரங்கன், ஸ்ரீரங்கப்பட்டணத்தில் பள்ளிகொண்டிருக்கும் ரங்கநாதர். காவிரிக் கரை ரங்கநாதர் தலங்களின் வரிசையை ஆதிரங்கம் என்று அந்தத் தலத்தில் தொடங்கி, அதே ஆற்றின் வழியே இறங்கி வந்து நம் ஸ்ரீரங்கத்தில் முடிப்பார்கள். இந்தத் திட்டுகள் ஆறு தானாக உண்டாக்கியவை அல்ல. 17ஆம் நூற்றாண்டில் மைசூரை ஆண்டவர்கள் காவிரியின் குறுக்கே கட்டிய அணைக்கட்டால் நீர் தேங்கி, மேடான பகுதிகள் மட்டும் தீவுகளாக எஞ்சின. சுற்றிலும் நீர் சூழ்ந்த மரங்களில் தரைவழி வரும் எதிரிகளின் தொல்லை குறைவு என்பதால் பறவைகள் அங்கே கூடு கட்டத் தொடங்கின. பறவையியலாளர் சாலிம் அலி எடுத்துச் சொன்னதன் பேரில் மைசூர் மன்னராட்சி 1940இல் இதைச் சரணாலயமாக அறிவித்தது. 2022இல் இது, உலக அளவில் முக்கியமான ஈரநிலங்களைக் குறிக்கும் ராம்சர் பட்டியலில் சேர்ந்தது. கர்நாடகத்திலிருந்து அப்பட்டியலுக்குச் சென்ற முதல் இடம் இதுவே.

நுழைவுக் கட்டணம் தனி, படகுக் கட்டணம் தனி. உள்ளே போய்ப் பார்த்துவிட்டுப் படகைப் பற்றி முடிவு செய்துகொள்ளலாம் என்று சிலர் நினைக்கிறார்கள். என் கருத்தில் இங்கே பார்க்க வேண்டியதில் முக்கால் பங்கு படகில்தான் இருக்கிறது. கரையோரப் பாதை நிழலும் மூங்கிலுமாக நன்றாகவே இருந்தாலும் அங்கிருந்து பறவைகள் வெள்ளைப் புள்ளிகளாகத்தான் தெரிகின்றன. படகு துடுப்பால் செலுத்தப்படுவது, இயந்திரம் கிடையாது. அந்த ஒன்றினால் கிடைக்கும் நன்மை கொஞ்சநஞ்சமல்ல: துடுப்பை நிறுத்தியதும் படகு ஓசையின்றி மிதந்து கூட்டு மரத்தின் கீழேயே போய் நிற்கிறது, மேலே இருப்பவை நம்மைப் பொருட்படுத்துவதில்லை.

அப்படி நின்ற ஒரு மரத்தில் மஞ்சள் மூக்கு நாரைகளின் கூடுகள் கிளைக்குக் கிளை இருந்தன. ஒரு கூட்டில் தாயோ தந்தையோ வெயிலுக்கு முதுகைக் காட்டிச் சிறகுகளைக் குடைபோல் விரித்து நிற்க, அந்த நிழலுக்குள் மூன்று குஞ்சுகள் கழுத்தை நீட்டிக் கத்திக்கொண்டிருந்தன. பெரிய பறவையின் வாலோரத்தில் ரோஜா நிறம் தோய்ந்திருப்பது படங்களில் மிகையாகத் தோன்றும். நேரில் பார்த்தால் படங்கள்தான் அதைக் குறைத்துக் காட்டுகின்றன என்று தெரிகிறது. வளர்ந்த நாரைக்குக் குரல் என்று சொல்லும்படி எதுவும் கிடையாது, அலகைத் தட்டி ஒலி எழுப்புவதோடு சரி. மரம் முழுக்க எழுந்த இரைச்சல் குஞ்சுகளுடையது. அடுத்த பாறையில் நத்தைகுத்தி நாரை ஒன்று நின்றது. அலகை மூடினாலும் நடுவில் இடைவெளி இருக்கும் பறவை அது. குஞ்சுப் பருவத்தில் இந்த இடைவெளி இருப்பதில்லை, வளரும்போதுதான் உண்டாகிறது. பத்தடி தூரத்திலிருந்து பார்த்தபோது அந்த இடைவெளியின் ஊடே பின்னாலிருந்த நீரின் மினுமினுப்பு தெரிந்தது.

கரண்டிவாயன், அரிவாள் மூக்கன், நீர்க்காகம், இராக்கொக்கு, பாம்புத்தாரா, கூழைக்கடா எல்லாம் உண்டு. ஆனால் பெரும்பாலானோர் தலை நிமிர்ந்து மரத்தையே பார்ப்பதால் தவறவிடுவது பாறைகளின் அடிப்பகுதியை. நீர்மட்டத்துக்கு ஓரிரு முழம் மேலே, பாறை உள்வாங்கியிருக்கும் இடத்தில், தகைவிலான் குருவிகள் ஈரமண்ணைச் சிறு உருண்டைகளாகக் கொண்டுவந்து ஒட்டிக் கட்டிய கூடுகள் தேனடைபோல் நெருக்கமாகத் தொங்குகின்றன. ஒவ்வொன்றுக்கும் குடுவையின் கழுத்துப் போல ஒரு நுழைவாயில். காய்ந்த கூட்டில் வெளிர் நிறம், அன்று வைத்த மண்ணில் கருநிறம் என்று கட்டுமானம் எதுவரை வந்திருக்கிறது என்பதுகூடத் தெரிகிறது. படகோட்டியிடம் கேட்டால் அருகே கொண்டுபோவார். கேட்காவிட்டால் முதலையைக் காட்டத் திரும்பிவிடுவார், ஏனென்றால் எல்லோரும் கேட்பது அதைத்தான்.

முதலை விஷயத்தில் யாருக்கும் ஏமாற்றம் இராது. சதுப்பு முதலைகள் பாறைகளில் வாயைப் பிளந்தபடி கிடக்கின்றன. அது மிரட்டல் அல்ல, உடல் வெப்பத்தைத் தணிக்கும் வழி. சென்னையை அடுத்த முதலைப் பண்ணையில் இதே இன முதலைகள், கூட்டுக்குக் குச்சி தேடும் கொக்குகளை ஈர்ப்பதற்காக மூக்கின்மேல் குச்சியை ஏந்தி அசையாமல் கிடந்ததாக 2013இல் ஆய்வாளர்கள் எழுதினார்கள். அது வேண்டுமென்று செய்ததா, தற்செயலா என்ற வாதம் இன்னும் ஓயவில்லை. நான் பார்த்த முதலைகளின் மூக்கில் குச்சி எதுவும் இல்லை. எங்கள் படகில் இருந்த ஒருவர் இவ்வளவையும் பார்த்த பிறகும் கையை நீரில் அளையவிட்டு வந்தார். "சார், கையை உள்ளே எடுங்க, அது தூங்கல" என்று படகோட்டி கன்னட வாடைத் தமிழில் சொன்னதும் படகில் கொஞ்ச நேரம் நல்ல அமைதி நிலவியது. அதைத் தொடக்கத்திலேயே சொல்லியிருக்கலாம்.

பொதுப் படகில் சுற்றிவர ஏறத்தாழ கால் மணி நேரம் ஆகும். குடும்பத்தோடு வருகிறவர்களுக்கு இது போதும். பறவைகளை இனங்கண்டு குறிப்பெழுதுகிறவருக்கு ஒரு மரத்துக்கே போதாது. படம் எடுப்பவர்கள் தனிப்படகு அமர்த்திக்கொள்ளலாம். செலவு கூடுதல் என்றாலும் நான்கு பேர் பகிர்ந்துகொண்டால் தாங்கும். நான் இரண்டையும் செய்தேன். முதல் சுற்றில் கேமராவைப் பையில் வைத்துவிட்டது நல்லதாகப் போயிற்று, எந்தப் பாறையில் எப்போது நிழல் விழுகிறது என்று தெரிந்துகொண்டு அடுத்த சுற்றில் போக முடிந்தது. பறவைகள் இவ்வளவு அருகில் இருப்பதால் மிகப் பெரிய லென்ஸ் தேவையே இல்லை, அசையும் படகில் அது பாரம்தான். எட்டு மடங்கு பெரிதாக்கும் தொலைநோக்கி சரியாக இருக்கும். பத்து மடங்கில் காட்சி ஆடுகிறது.

விடுமுறை நாளில் நண்பகலுக்குப் போவது வீண். படகுக்கு வரிசை நீளும், வெயில் மேலிருந்து விழுவதால் வெள்ளைப் பறவை எல்லாம் ஒரே வெள்ளையாகத் தெரியும். வார நாளில் முதல் படகைப் பிடிப்பது மேல். மாலையில் கடைசிப் படகும் பரவாயில்லை; அப்போது இரைதேடப் போனவை கூட்டம் கூட்டமாகத் திரும்புகின்றன. குழந்தைகளைத் தாராளமாக அழைத்துப் போகலாம், ஆனால் விளையாட்டுத் திடல் போல எதையாவது எதிர்பார்த்து வருகிறவர்களுக்கு அரை மணியில் சலித்துவிடும்.

காலத்தைப் பொறுத்தவரை ஜனவரியிலிருந்து மார்ச் வரை என் தேர்வு. வலசை வந்தவை இன்னும் கிளம்பியிருக்காது, கூடு கட்டுகிறவை வேலையைத் தொடங்கியிருக்கும். கோடையில் ஆறு வற்றிப் பாறைகள் வெளிப்படும்போது ஆற்று ஆலா என்ற பறவைகள் அந்த வெறும் பாறையிலேயே முட்டையிடும் என்பதால் ஏப்ரலில் இன்னொரு முறை போக எண்ணியிருக்கிறேன். ஜூன் முதல் ஆகஸ்டு வரை போவதானால், அன்று காலை கிருஷ்ணராஜ சாகரிலிருந்து விநாடிக்கு எத்தனை கன அடி திறந்திருக்கிறார்கள் என்று பார்த்துவிட்டுப் பேருந்து ஏறுங்கள்.